வெள்ளைப் புருவ மாமா

எங்கள் திருச்செங்கோட்டுப் பக்கத்தில் ஓர் ஆண்பிள்ளை ஆறு மாதம் வீட்டில் இல்லையென்றால் யாரும் ஏன் என்று கேட்பதில்லை. "வண்டியில போயிருக்கறாருங்க" என்றால் போதும். வண்டி என்றால் ஆழ்துளைக் கிணறு, அதாவது போர் போடும் ரிக் வண்டி. மத்தியப் பிரதேசமோ, சத்தீஸ்கரோ, எங்கேயோ ஒரு காட்டில் பாறையைத் துளைத்துக்கொண்டிருக்கிறார் என்று புரிந்துகொள்வார்கள். ஜெயிலுக்குப் போனவர்களின் வீடுகளிலும் இதையேதான் சொல்கிறார்கள் என்பது நான் உள்ளே போன பிறகுதான் தெரிந்தது. எங்கள் பிளாக்கில் மட்டும் என்னைச் சேர்த்து நான்கு பேர் வண்டியில் போயிருந்தோம்.

மற்ற மூவரைப் பற்றித் தெரியாது, நான் உண்மையாகவே வண்டியில் போனவன். பதினோரு வருடம் ரிக்கில் வேலை செய்தேன். பிறகு ஒரே அடியில் ஒரு மனிதரைக் கொன்றுவிட்டு உள்ளே போனேன். இதைச் சுற்றி வளைத்துச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. என் வக்கீல் 'தள்ளுமுள்ளில் கீழே விழுந்து' என்று எழுதினார். தள்ளுமுள்ளும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. அடித்தேன்.

எங்கள் ரிக்கில் டிரில்லராக இருந்தவர் என்னைவிட எட்டு வயது பெரியவர், ராசிபுரம் பக்கத்துக்காரர். அண்ணா என்றுதான் கூப்பிடுவேன். டிரில்லர் என்றால் லீவர்களைப் பிடித்துத் துளைக்கிறவர். நான் குழிக்குள் இறக்கும் இரும்பு ராடுகளை ஒன்றோடொன்று மாட்டுகிறவன். ஒவ்வொரு ராடும் இறங்கியதும் நான் ஸ்பேனரைப் போட்டுப் பிடித்துக் கை காட்டுவேன். அதற்குப் பிறகுதான் அவர் சுற்ற விட வேண்டும். கம்ப்ரஸர் ஓடும்போது பேச்சு எடுபடாது, எல்லாம் கைதான். ஓமலூருக்கு அந்தப் பக்கம் ஒரு மரவள்ளிக் காட்டில், முந்நூறு அடி தாண்டியும் தண்ணீர் வராமல் வெறும் பாறை மாவு பறந்துகொண்டிருந்த நாள் அது. நான் கை காட்டும் முன்பே அவர் சுற்ற விட்டுவிட்டார். ஸ்பேனர் என் கையைப் பிடுங்கிக்கொண்டு தாடையை உரசியபடி பறந்தது. ஒரு விரற்கடை தள்ளிப் பட்டிருந்தால் நான் இல்லை. திரும்பிப் பார்த்தேன். அவர் சிரித்தார். "ஒண்ணும் ஆகலையில்ல" என்று உதடு அசைந்தது.

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் நிற்கும் என்று என் மனைவி சொல்வாள். வண்டிமேல் கிடந்த இன்னொரு ஸ்பேனரை எடுத்தேன். தலையிலிருந்து கால்வரை வெள்ளை மாவு படிந்திருந்த அந்த மனிதர் சிரித்த முகத்தோடே கீழே விழுந்தார். கம்ப்ரஸர் அதுபாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் இறந்துபோனார்.

எனக்குப் பத்து வருடம் கொடுத்தார்கள். அப்போது என் மகளுக்கு மூன்று வயது. என் மனைவி அவளைத் தூக்கிக்கொண்டு தன் தாய்வீட்டுக்கு, தம்மம்பட்டிக்குப் போய்விட்டாள். அந்தப் பக்கம் ரிக் வண்டிக்காரர்கள் குறைவு, என் கேஸைப் பற்றி அறிந்தவர்களும் இல்லை. "அப்பா வண்டியில போயிருக்கார்" என்று அவள் சொன்ன பொய் அங்கே நன்றாகவே வேர் பிடித்தது. அவள் மட்டும் இரண்டு மாதத்துக்கு ஒருமுறை, கோயிலுக்குப் போவதாகச் சொல்லிவிட்டு, என்னை மனுவில் வந்து பார்ப்பாள். ஜெயிலில் பார்வையாளர் வருவதற்கு மனு என்று பெயர். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் நின்று, பிள்ளையைப் பற்றி மூச்சுவிடாமல் சொல்லிவிட்டுப் போவாள்.

மகளுக்கு ஆறு வயதானபோது போனில் பேச ஆரம்பித்தேன். ஜெயிலுக்குள்ளேயே போன் அறை உண்டு. எழுதிக் கொடுத்த நம்பருக்கு மட்டும் பேசலாம். வாரத்துக்கு ஒருமுறை என் முறை வரும். பக்கத்தில் ஒரு வார்டர் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பார். கொடுத்த நிமிடங்கள் முடிந்தால் லைன் தானாகவே அறுந்துவிடும்.

"அப்பா, மழைக்காலத்துல எல்லா வண்டியும் ஊருக்கு வந்துடுமாமே? நீ ஏன் வரல?" என்று முதல் வருடமே கேட்டாள். யாரோ விவரம் தெரிந்தவர் சொல்லிக் கொடுத்திருக்கிறார். வடக்கே மழை பிடித்தால் ரிக்குகள் திரும்பிவிடும் என்பது உண்மைதான். "நான் இப்ப ஆப்பிரிக்காவுல இருக்கறேன் சாமி. வண்டியக் கப்பல்ல ஏத்திக் கொண்டாந்துட்டாங்க" என்றேன். எங்கள் ஊர் வண்டிகள் ஆப்பிரிக்காவுக்கும் போகின்றன, அதனால் அதுவும் முழுப் பொய்யில்லை. வார்டர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். மறுநாளிலிருந்து பிளாக்கில் என் பெயரே ஆப்பிரிக்கா ஆகிவிட்டது. "ஆப்பிரிக்கா, சாப்பாட்டுக்கு வா" என்பார்கள்.

"அங்க உன்கூட யாருப்பா இருக்கா? தனியாவா இருக்க?" என்று அவள் கேட்ட நாள்தான் எல்லாவற்றுக்கும் ஆரம்பம். ஒரு மாமா இருக்கிறார் என்றேன். எப்படி இருப்பார் என்றாள். யாரையாவது கற்பனையாகச் சொல்லிவிடலாம் என்றுதான் வாயைத் திறந்தேன். "வலது புருவத்துல பாதி வெள்ளையா இருக்கும் கண்ணு. பொறந்ததுல இருந்தே அப்படி" என்று வந்துவிட்டது.

செத்துப்போன டிரில்லருக்குத்தான் அப்படிப் புருவம். ஒன்றுமில்லை, பதினோரு வருடம் ரிக்கில் இருந்தவனுக்கு ரிக் என்றதும் அந்த முகம்தான் வரும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

அடுத்த வாரம் அவள் எடுத்த எடுப்பில் கேட்டது, "வெள்ளைப் புருவ மாமா என்ன பண்றார்?" என்று. என்னைப் பற்றிக் கேட்கவே இல்லை. நான் சொன்னேன். மாமா தண்ணீர் குடிக்கும் முன்னால் ஒரு வாய் தரையில் ஊற்றிவிட்டுத்தான் குடிப்பார், பூமிக்கும் தாகம் எடுக்கும் என்பார். பாறையில் ஹேமர் அடிக்கும் சத்தத்தை வைத்தே இன்னும் எத்தனை அடியில் தண்ணீர் என்று சொல்லிவிடுவார். முகாமில் திரியும் நாய்களுக்கெல்லாம் சோறு வைப்பார், ஆனால் தொட்டுக் கொஞ்சமாட்டார். எல்லாம் நிஜமாக அவர் செய்தவைதான். இடத்தை மட்டும் ஆப்பிரிக்காவுக்கு மாற்றினேன். அவள் சிரிப்பாள், மேலும் மேலும் கேட்பாள். அவரைக் கொன்ற எனக்கு அவரைப் பற்றிப் பேசுவது பிடித்திருந்தது. வெட்கமாகத்தான் இருக்கிறது, இருந்தாலும் அதுதான் உண்மை. அந்தச் சில நிமிடங்கள் அவர் சாகாமல் இருந்தார்.

இப்படியே இரண்டு மூன்று வருடம் ஓடியது. இதற்குள் எனக்கு வேறு ஏதோ நேர்ந்துகொண்டிருந்ததை நான் கவனிக்கவில்லை. கவனித்தவர் என்னோடு ஒரே பிளாக்கில் இருந்த பாய்தான். சேலம் டவுனில் துணிக்கடை வைத்திருந்தவர், தேவையில்லாமல் ஒரு வார்த்தை பேசமாட்டார். ஒரு மத்தியானம் சாப்பிட உட்கார்ந்தபோது என் முன்னால் கிடந்ததையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இன்னொரு டம்ளர் யாருக்கு?" என்றார்.

குனிந்து பார்த்தேன். இரண்டு டம்ளர் இருந்தது. இரண்டிலும் தண்ணீர் நிரப்பி வைத்திருந்தேன்.

"ஒரு மாசமா இப்படித்தான் வெக்கிறீங்க. யாராவது வருவாங்கன்னு நெனச்சேன்" என்றார் பாய். அவர் குரலில் கிண்டல் இல்லை. இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அன்றிலிருந்து எனக்குப் பயம் பிடித்தது. எனக்குத் தோட்ட வேலை. கீரைப் பாத்திகளுக்குத் தண்ணீர் பாய்ச்ச வேண்டும். உச்சி வெயிலில் அங்கே ஆள் இருக்காது. ஈர மண்ணில் நிற்கும்போது திடீரென்று போர் மாவு வாசம் வரும். பாறையைப் பொடித்துத் தண்ணீர் பட்டால் வருகிற ஒரு பச்சை வாசம் அது, அறிந்தவனுக்கு வேறெதோடும் குழப்பமே வராது. நான்கு பக்கமும் பார்ப்பேன். முப்பதடி உயர மதில், வெயில், கீரை. பார்க்கப் பார்க்க யாரோ என் கைக்காகக் காத்துக்கொண்டிருப்பதாகத் தோன்றும். நான் கை காட்டினால்தான் அவர் ஆரம்பிப்பார். கைகளை இடுப்புக்குப் பின்னால் கட்டிக்கொண்டு வாய்க்காலையே பார்த்துக்கொண்டு நிற்பேன்.

மாமாவைப் பற்றி இனிப் பேசுவதில்லை என்று முடிவு செய்தேன். மகள் விட்டால்தானே! "மாமாவுக்கு எதைப் பார்த்தா பயம்?" என்று கேட்டாள். சொல்வதற்கு என்னிடம் ஒன்றும் மிச்சமில்லை. அவரைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் எப்போதோ தீர்ந்துவிட்டது. அதனால் அந்த நிமிடத்தில் வாய்க்கு வந்ததைச் சொன்னேன். மாமாவுக்குக் கிணறு என்றால் பயம். பத்து வயதில் கிணற்றில் விழுந்துவிட்டார். படியில் நின்ற தம்பி தன் டவுசரைக் கழற்றி நீட்டினான். அதைப் பிடித்துக்கொண்டு ஏறி வந்தார். டவுசர் கிணற்றோடு போய்விட்டது. அம்மணமாக வீட்டுக்கு வந்த தம்பிக்கு நல்ல அடி, ஆனால் அவன் அண்ணனைக் காட்டிக் கொடுக்கவில்லை. மகள் விழுந்து விழுந்து சிரித்தாள். வார்டரும் சிரித்தார். இதெல்லாம் எங்கிருந்து வருகிறது என்று எனக்கே ஆச்சரியமாக இருந்தது.

அதற்கு அடுத்த வாரம் அவள் குரலில் மூச்சு வாங்கியது.

"அப்பா, வெள்ளைப் புருவ மாமா நேத்து நம்ம வீட்டுக்கு வந்தார்!"

போனைக் காதோடு அழுத்திக்கொண்டு நின்றேன்.

"நான் பார்த்ததுமே கண்டுபுடிச்சிட்டேன்பா. வலது புருவம் பாதி வெள்ளை. தண்ணி குடுத்தேன், கீழ கொஞ்சம் ஊத்திட்டுக் குடிச்சார். மாமா, கப்பல்ல வந்தீங்களான்னு கேட்டேன். அவர் என்னையே பார்த்துக்கிட்டு இருந்தார். அப்புறம் அம்மா வயல்லருந்து வந்து, அவரப் பார்த்து..."

"அம்மாகிட்டக் குடு சாமி. போன அம்மாகிட்டக் குடு."

மனைவி வாங்கினாள். அழுகையை அடக்கிக்கொண்டிருந்தாள். "செத்தவரோட தம்பிங்க. அவருக்கும் அதே புருவம், கோர்ட்டுல பார்த்திருக்கேன். மரவள்ளிக் கெழங்கு லோடு ஏத்த டெம்போ ஓட்டிக்கிட்டு வந்திருக்கார்" என்று சொல்லும்போதே லைன் அறுந்துவிட்டது. அவ்வளவுதான். அடுத்த போனுக்கு ஏழு நாள் இருந்தது.

ஜெயிலில் இருப்பதன் உண்மையான அர்த்தம் அந்த நாட்களில்தான் எனக்குப் புரிந்தது. என் கையால் செத்தவரின் தம்பிக்கு என் வீடு தெரியும், என் பிள்ளையைத் தெரியும், அவள் பள்ளிக்கூடம் போகும் பாதை தெரியும். நான் இங்கே கீரைக்குத் தண்ணீர் பாய்ச்சிக்கொண்டிருந்தேன். இரண்டு டம்ளர் வைக்கிறேனா என்று ஒவ்வொரு வேளையும் எண்ணிப் பார்த்தேன். நான்காம் நாள் காலையில் வார்டர் வந்து, "ஆப்பிரிக்கா, உனக்கு மனு" என்றார். மனைவிதான் ஓடி வந்திருக்கிறாள் என்று நினைத்துப் போனேன்.

கம்பி வலைக்கு அந்தப் பக்கம் அவர் நின்றிருந்தார். டிரில்லர். அதே உயரம், அதே புருவம், லேசாக இடப்பக்கம் சாய்ந்து நிற்கும் அதே நிலை. தம்பி என்று மூளைக்குத் தெரிந்திருந்தும் என் கால் நகரவில்லை. வார்டர் முதுகில் கை வைத்துத் தள்ளினார்.

"ஏனுங்க, நல்லா இருக்கறீங்களா?" என்றார் அவர்.

அண்ணனைக் கொன்றவனிடமும் 'ங்க' போட்டுப் பேசுகிற ஊர் எங்களுடையது. அவர் என்னைக் கெட்ட வார்த்தையில் திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்திருக்கும்.

"பாப்பாவ ஒண்ணும் பண்ணீராதீங்க" என்றேன்.

"உங்கூட்டுக்கு எதுக்குப் போனன்னு எனக்கே தெரீலீங்க. அந்த ஊருல லோடு ஏத்துனேன், உங்க சம்சாரம் வயலுக்குப் போறத ரோட்டுல பார்த்தேன், வண்டி தானா நின்னு போச்சு. ஊடு எதுன்னு விசாரிச்சு, ஏதோ கேக்கோணும்னு போனேன். பாப்பா என்ன ஆப்பிரிக்காவுல இருந்து வந்தீங்களாங்குது. எங்கண்ணன் நாய்க்குச் சோறு போட்டது, தண்ணி ஊத்துனது, எல்லாத்தையும் எங்கிட்டயே சொல்லுது." வலையைப் பிடித்திருந்த அவர் விரல்கள் வெளுத்திருந்தன. "கெணத்துல வுழுந்தது உங்களுக்கு எப்படித் தெரியுமுங்க?"

நான் வலையிலிருந்து ஓர் அடி பின்வாங்கினேன்.

"அது எனக்கும் அவனுக்கும் மட்டுந்தான் தெரியும். எங்கம்மாவுக்கே தெரியாது. அடி வாங்குனவன் நான். எங்கண்ணன் அத யாருகிட்டயும் சொல்ல மாட்டான்."

நான் கற்பனையாகச் சொன்னேன் என்று சொல்ல வந்தேன். சொல்ல முடியவில்லை. பதினோரு வருடத்தில் எப்போதாவது, கம்ப்ரஸர் சத்தத்துக்கு நடுவே அவர் அதைச் சொல்லியிருக்கலாம், அது என் காதில் விழுந்து எங்கோ கிடந்திருக்கலாம். இன்றுவரை அப்படித்தான் எனக்குச் சொல்லிக்கொள்கிறேன். அன்று அவரிடம், "உங்கண்ணனே சொன்னாருங்க" என்றேன். நம்பினாரா என்று தெரியவில்லை. சுற்றிலும் மற்றவர்கள் தங்கள் ஆட்களோடு கத்திப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"பாப்பாகிட்ட நான் ஒண்ணும் சொல்லீலீங்க" என்றார் கடைசியில். "ஆனா நீங்க சொல்லோணும். எங்கண்ணன் செத்துட்டான். அவன உசுரோட வெச்சுப் பேச உங்களுக்கு என்னங்க பாத்தியத இருக்குது? அவன் புள்ளைங்களுக்கே அவன் மொகம் மறந்துட்டு வருது, உங்க புள்ள அவன் புருவத்தத் தெரிஞ்சு வெச்சிருக்குது. செத்துட்டான்னு சொல்லுங்க. எப்படிச் செத்தான்னும் சொல்லுங்க. அடுத்த லோடுக்கு நான் அங்க போவேன். அப்பவும் மாமான்னு ஓடி வந்துச்சுன்னா நானே சொல்லிருவேன்."

மிரட்டலாக அவர் சொல்லவில்லை. கெஞ்சுவதைப் போலத்தான் இருந்தது. "வாரனுங்க" என்று சொல்லிக்கொண்டு போனார்.

என் போன் நாள் வந்தது. முதலில் மனைவியிடம் பேசினேன். சொல்லப் போகிறேன் என்றதும், "வேண்டாங்க, ஒம்பது வயசுப் புள்ளைங்க, உங்க மேல உசுரா இருக்குது" என்று கெஞ்சினாள். எனக்கும் அதுதானே பயம். ஜெயிலில் எனக்கென்று இருந்தது அந்தக் குரல் ஒன்றுதான். இந்த நிமிடங்களுக்குப் பிறகு அது எனக்கு இல்லாமல் போகலாம் என்று தெரிந்தேதான் மகளிடம் கொடுக்கச் சொன்னேன்.

"அப்பா! மாமா திரும்பி அங்க வந்துட்டாரா?"

"சாமி, நான் ஆப்பிரிக்காவுல இல்ல. ஜெயில்ல இருக்கறேன்."

வார்டர் தலையைத் திருப்பிக்கொண்டார்.

"நம்மூட்டுக்கு வந்தவரு அந்த மாமாவோட தம்பி. அந்த மாமா செத்துட்டாரு கண்ணு. நாந்தான் அடிச்சேன். கோபத்துல அடிச்சேன். உனக்கு மூணு வயசா இருக்கறப்ப."

அந்தப் பக்கம் கோழி கத்துவது கேட்டது. ஒரு பஸ் போனது. அழுவாள் என்று காத்திருந்தேன். போனை அம்மாவிடம் கொடுத்துவிடுவாள் என்று காத்திருந்தேன்.

"அப்போ, இவ்ளோ நாளா உன்கூட இருந்தது யாருப்பா?"

யாரும் இல்லை, எல்லாம் அப்பா சும்மா சொன்னது என்று சொல்லியிருக்கலாம். பிள்ளையிடம் சொல்ல வேண்டியது அதுதான். ஆனால் அன்று மறுபடியும் ஒரு பொய் சொல்ல என்னால் முடியவில்லை.

"அவருதான் சாமி" என்றேன்.

பிறகு, எத்தனையோ வருடமாக வக்கீலோ, வார்டரோ, என் மனைவியோ யாருமே என்னிடம் கேட்காத ஒன்றைக் கேட்டாள்.

"உனக்குப் பயமா இல்லையாப்பா?"

"பயமாத்தான் இருக்குது."

அவள் போனை வைக்கவில்லை. நேரம் முடிந்து லைன் அறுகிற வரைக்கும் அவள் மூச்சு என் காதில் கேட்டுக்கொண்டே இருந்தது.